அவைக்குப் பழகாத மனிதர்

பிரிட்டிஷ் சட்டப் புத்தகங்களில் கெய்ர் ஹார்டியின் முத்திரையைத் தேடினால் ஏமாற்றம்தான் மிஞ்சும். காமன்ஸ் சபையில் வெஸ்ட் ஹாம் தெற்குத் தொகுதிக்காக 3 ஆண்டுகள், மெர்தர் டிட்ஃபிலுக்காக 15 ஆண்டுகள் உட்கார்ந்தவர் அவர். ஆனாலும் அவர் கொண்டுவந்து நிறைவேறியது என்று சுட்டிக்காட்ட ஒரு பெரிய சட்டம் கிடையாது. தொழிற்கட்சியின் நாடாளுமன்றக் குழுவுக்கு முதல் தலைவரானார். இரண்டே ஆண்டுகளில் அந்தப் பொறுப்பு வேறு கைக்குப் போனது. போனதில் சக உறுப்பினர்கள் பலருக்கு நிம்மதி. ஆட்களை அணைத்துப் போவது, பேரம் பேசுவது, எதிராளியின் மனத்தைப் படித்துக் காய் நகர்த்துவது எதுவும் அவருக்குக் கைவரவில்லை. கடைசியில் முதல் உலகப் போரை எதிர்த்தார், அதிலும் தோற்றார்.

இப்படிப்பட்டவரின் பெயரோடுதான் பிரிட்டிஷ் தொழிலாளர் அரசியலின் கதை தொடங்குகிறது. அவர்தான் முதல் தொழிலாளி உறுப்பினர் என்று ஒரு நினைப்பு பரவியிருக்கிறது. அது சரியல்ல. அவருக்கு 18 ஆண்டுகள் முன்பே, 1874 தேர்தலில், அலெக்சாண்டர் மெக்டொனால்டு, தாமஸ் பர்ட் என்ற இரண்டு சுரங்கத் தொழிலாளர் தலைவர்கள் சபைக்குள் நுழைந்துவிட்டார்கள். பர்ட் பத்து வயதில் சுரங்கத்துக்குள் இறங்கியவர். நார்தம்பர்லாந்து சுரங்கத் தொழிலாளர்கள் தம் சங்கப் பணத்திலிருந்து அவருக்குச் சம்பளம் கொடுத்தார்கள். மோர்பெத் தொகுதியில் 1918 வரை, 44 ஆண்டுகள் இருந்தார். லிபரல் கட்சியின் பெஞ்சில் உட்கார்ந்து, தேவைப்பட்டபோது தொழிலாளர் பக்கம் நின்று, யாரையும் முகம் சுளிக்க வைக்காமல் காரியம் பார்த்தார். அந்த வழியை இன்று ஏளனம் செய்வது சுலபம். சுரங்கப் பாதுகாப்பிலும் தொழிற்சங்க உரிமையிலும் அந்தத் தலைமுறை பெற்றுத்தந்தவை சில்லறை அல்ல.

ஆனால் அதற்கு ஒரு விலை இருந்தது. ஹென்றி பிராட்ஹர்ஸ்ட் ஒரு கல்தச்சர். வெஸ்ட்மின்ஸ்டர் மாளிகைக்கே உளி பிடித்தவர். பிறகு அதே மாளிகையில் உறுப்பினர், 1886இல் துணை அமைச்சர். அவர் 1884இல் வேல்ஸ் இளவரசரின் சாண்ட்ரிங்ஹாம் மாளிகைக்கு விருந்தாளியாகப் போனார். இரவு விருந்துக்கு உரிய உடை அவரிடம் இல்லை. ஆகவே சாப்பாடு அவருடைய அறைக்கே அனுப்பப்பட்டது. அழைத்தவர்கள் அன்பாகத்தான் நடந்துகொண்டார்கள். அவரும் நன்றியோடுதான் அதை எழுதிவைத்தார். மாளிகைக்குள் வரலாம், மேசைக்கு வர வேண்டாம் என்ற ஏற்பாடு அங்கே இருதரப்புக்கும் உறுத்தவில்லை. ஹார்டிக்கு உறுத்தியது. அவருடைய அரசியல் அந்த உறுத்தலிலிருந்து வந்தது.

உறுத்தலுக்குக் காரணமும் இருந்தது. 1856 ஆகஸ்டில் ஸ்காட்லாந்தின் லனார்க்‌ஷயரில், மேரி கெய்ர் என்ற பண்ணைப் பணிப்பெண்ணுக்கு, மணமாகும் முன் பிறந்த பிள்ளை. பின்னால் தாயை மணந்த டேவிட் ஹார்டி கப்பல் தச்சர். எட்டு வயதுக்குள் பையன் கூலிக்குப் போனான். கிளாஸ்கோவில் ஒரு ரொட்டிக் கடையில் நாளுக்குப் பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் வேலை. வாரக் கூலி 3 ஷில்லிங் 6 பென்ஸ். தந்தைக்கு வேலையில்லை, தாய் நிறைமாதம், தம்பி சாகக் கிடக்கிறான். வீட்டுக்கு வரும் ஒரே வருமானம் இந்தப் பையனுடையது. இரவு முழுக்கத் தம்பியின் பக்கத்தில் விழித்திருந்ததால் இரண்டு காலை தாமதமாகிவிட்டது. முதலாளி மாடிக்கு வரச் சொன்னார். கதவுக்கு வெளியே நிற்க வைத்தார்கள், உள்ளே குடும்ப ஜெபம் நடந்துகொண்டிருந்தது. ஜெபம் முடிந்து அழைத்தபோது பளபளக்கும் மேசை, காப்பிக் கெண்டி, சுடச்சுட ரொட்டி, சுற்றிலும் பிள்ளைகள். மழையில் நனைந்து நின்ற பையனுக்கு வேலை போனது. அந்த வாரக் கூலியும் அபராதமாகப் போனது.

ஹார்டி இதைப் பிற்காலத்தில் பலமுறை சொன்னார். சொல்லச் சொல்லக் கதை கொஞ்சம் மெருகேறியிருக்கலாம். ஆனாலும் அவருடைய பேச்சில் கடைசிவரை ஓடிய ஒரு சூட்டுக்கு ஊற்று எங்கே என்று தெரிகிறது. அவர் கடவுளை விடவில்லை. பின்னாளில் மது தொடாத கிறிஸ்தவராக, தெருமுனைப் பிரசங்கியாகவே ஆனார். ஜெபம் முடித்து எழுந்து கூலியைப் பிடித்துக்கொள்பவனைத்தான் அவரால் மன்னிக்க முடியவில்லை.

பத்து வயதில் சுரங்கம். காற்றோட்டத்துக்கான கதவு ஒன்றின் பக்கத்தில் இருட்டில் தனியாக உட்கார்ந்து, நிலக்கரி வண்டி வரும்போது திறந்து, போனதும் மூட வேண்டும். பத்து மணி நேரம். படிக்கத் தாய் சொல்லிக்கொடுத்தார், எழுதுவது இரவுப் பள்ளியில். விளக்குப் புகையால் கரியேறிய கல்லில் ஊசியால் கீறிச் சுருக்கெழுத்துப் பழகினார். இருபது வயதைத் தாண்டியதும் மேடையில் பேசவும் மனு எழுதவும் தெரிந்த ஆள் என்று சக தொழிலாளர்கள் அவரை முன்னே தள்ளினார்கள். நிர்வாகத்துக்கும் அது தெரிந்தது. ஒரு காலை அவரும் தம்பிகள் இருவரும் கூண்டில் இறங்கிக்கொண்டிருந்தபோது பாதி வழியில் கூண்டு நின்றது, மேலே இழுக்கப்பட்டது. இந்தச் சுரங்கத்தில் இனி ஒரு ஹார்டிக்கும் இடமில்லை என்றார் மேலாளர். சுற்றுவட்டாரச் சுரங்கங்கள் எல்லாவற்றிலும் அதே பதில். கறுப்புப் பட்டியல் என்பது எழுதி ஒட்டப்படுவதில்லை. கூண்டு நின்றால் புரிந்துகொள்ள வேண்டியதுதான்.

சுரங்கம் துரத்தியது, சங்கம் பிடித்துக்கொண்டது. ஹாமில்டனில், பிறகு அயர்‌ஷயரில் சங்கச் செயலாளர். கம்னாக் என்ற சிற்றூரில் குடும்பம். ஊர்ப் பத்திரிகைக்கு எழுதிக் கிடைத்த காசில் சமையல். 1887இல் ‘மைனர்’ என்று சொந்த இதழ். அதுவே பின்னால் ‘லேபர் லீடர்’ ஆனது. இவ்வளவு காலமும் அவர் லிபரல் கட்சிக்காரர்தான் என்பதை மறக்கக் கூடாது. 1888 ஏப்ரலில் மிட் லனார்க் இடைத்தேர்தலில் லிபரல்கள் அவரை வேட்பாளராக ஏற்க மறுத்தார்கள். தனித்து நின்றார். போட்டியிலிருந்து விலகினால் அடுத்த பொதுத்தேர்தலில் பத்திரமான தொகுதி, ஆண்டுக்கு 300 பவுண்டு என்று தூது வந்தது. சுரங்கக்காரனுக்கு அது கனவிலும் காணாத தொகை. மறுத்தார், 617 வாக்கு வாங்கிக் கடைசியாக வந்தார். அந்த ஆகஸ்டிலேயே ஸ்காட்லாந்துத் தொழிற்கட்சி பிறந்தது. கதவைச் சாத்தியவர்கள் கொஞ்சம் தாராளமாக இருந்திருந்தால் பர்ட்டைப் போல இன்னொரு மரியாதைக்குரிய உறுப்பினர் கிடைத்திருப்பார், அவ்வளவுதான். பிரிட்டிஷ் லிபரல் கட்சியின் சரிவைப் பற்றி எழுதுபவர்கள் முதல் உலகப் போரையும் லிபரல் தலைவர் லாய்ட் ஜார்ஜையும் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள். உள்ளூர் லிபரல் சங்கங்களில் கடைக்காரர்களும் மில் முதலாளிகளும் ஒரு தொழிலாளியை வேட்பாளராகப் பார்க்க விரும்பாததும் அதே அளவு எழுதத்தக்கது.

அதே காலத்தில் அவர் எழுதிய இன்னொன்றையும் சொல்ல வேண்டும். கிளெங்கார்நாக் இரும்பாலைக்கு லித்துவேனியாவிலிருந்து கூலிகளைக் கொண்டுவந்தார்கள். ‘மைனர்’ இதழில் ஹார்டி அவர்கள்மேல் பாய்ந்தார். அவர்களுடைய சாப்பாடு, சுத்தம், ஒழுக்கம் எல்லாவற்றையும் இழித்து எழுதினார். கூலியைக் குறைக்க ஆள் இறக்கிய முதலாளியை விட்டுவிட்டு இறக்கப்பட்டவன்மேல் கோபம் திரும்பியது. பக்தியோடு அவர் வாழ்க்கையை எழுதியவர்கள் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். தொழிற்சங்கம் என்ற அமைப்புக்குப் பிறவியிலேயே உள்ள சிக்கல் இது. உள்ளே இருப்பவனைக் காக்க வேலி போடுகிறது. வெளியே நிற்கும் இன்னும் ஏழையான ஒருவன் வேலியின் எதிரியாகத் தெரிகிறான். இருபது ஆண்டுகள் கழித்துத் தென்னாப்பிரிக்காவில் இதே கேள்வி வேறு நிறத்தில் வந்தபோது ஹார்டி என்ன செய்தார் என்பதைப் பின்னால் பார்ப்போம்.

1892 ஜூலையில் லண்டன் கிழக்குப் பகுதியின் வெஸ்ட் ஹாம் தெற்கு அவரைத் தேர்ந்தெடுத்தது. துறைமுகக் கூலிகள், எரிவாயு ஆலைத் தொழிலாளர்கள் நிறைந்த தொகுதி. லிபரல்கள் எதிர்த்து ஆள் நிறுத்தவில்லை. ஹார்டிக்கு 5,268, கன்சர்வேட்டிவ் வேட்பாளருக்கு 4,036. ஆகஸ்ட் 3ஆம் தேதி பதவியேற்கப் போனபோது ஆதரவாளர்கள் ஒரு குதிரை வண்டியில் ஊதுகொம்பு முழங்க அவரை அழைத்துப் போனார்கள். கறுப்பு நீள்கோட்டும் உயர்ந்த பட்டுத் தொப்பியும் உறுப்பினர்களின் சீருடை போல இருந்த சபைக்குள் இவர் முரட்டுக் கம்பளிக் கோட்டோடும் சாதாரணத் தொப்பியோடும் நுழைந்தார். கூரை பழுதுபார்க்க வந்த ஆள் என்று நினைத்து வாசல் போலீஸ்காரர் விசாரித்ததாக ஒரு கதை உண்டு. நடந்திருக்காவிட்டாலும் நம்பும்படியான கதை. பத்திரிகைகள் அந்தத் தொப்பியைப் பாட்டாளியின் துணித் தொப்பி என்று எழுதின. அது உண்மையில் வேட்டைக்குப் போகும் கனவான்கள் அணியும் வகை. தாம் எது வசதியோ அதைப் போட்டுக்கொண்டு போனதாகத்தான் ஹார்டி நினைத்தார்; தொப்பி அவரைவிடப் பெரிய ஆளாகிவிட்டது.

அவரோடு தனித் தொழிலாளர் பிரதிநிதிகளாக வந்தவர்கள் இருவர்: பாட்டர்சியின் ஜான் பர்ன்ஸ், மிடில்ஸ்பரோவின் ஹேவலாக் வில்சன். லண்டன் துறைமுக வேலைநிறுத்தத்தின் நாயகரான பர்ன்ஸ் கொஞ்ச காலத்தில் லிபரல்களோடு ஐக்கியமாகி 1905இல் அமைச்சரானார். ஹார்டி வேலையில்லாதவர்களைப் பற்றியே திரும்பத் திரும்பக் கேட்டு ‘வேலையற்றோரின் உறுப்பினர்’ என்று பெயர் வாங்கினார். சபையில் அவர் தனி ஆள். 1893 ஜனவரியில் பிராட்ஃபோர்டில் சுயேச்சைத் தொழிற்கட்சி தொடங்கியதும் தனிமை கூடியதே தவிரக் குறையவில்லை.

அந்தத் தனிமை என்னவென்று 1894 ஜூன் கடைசி வாரத்தில் தெரிந்தது. 23ஆம் தேதி சனிக்கிழமை பிற்பகல், தென் வேல்ஸில் பாண்டிபிரித் அருகே கில்வினித் கிராமத்தின் ஆல்பியன் சுரங்கம் வெடித்தது. ஆண்களும் சிறுவர்களுமாக 290 பேர் மாண்டார்கள். அதே நாள் அரச குடும்பத்தில் யார்க் கோமகனுக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது. மறுநாள் பிரெஞ்சுக் குடியரசுத் தலைவர் கார்னோ கொலை. சபை பிரான்சுக்கு இரங்கல் சொன்னது. குழந்தைக்கு வாழ்த்துத் தீர்மானம் தயாரானது. வேல்ஸ் குடும்பங்களுக்கும் ஒரு தீர்மானம் உண்டா என்று ஹார்டி கேட்டார். சபைத் தலைவர் ஹார்கோர்ட், சபையின் அனுதாபத்தை இப்போதே தெரிவித்துவிடுகிறேன் என்ற அளவில் இரண்டு வாக்கியத்தில் முடித்துக்கொண்டார். 28ஆம் தேதி வாழ்த்துத் தீர்மானம் வந்தபோது ஹார்டி எழுந்து எதிர்த்தார்.

சபை ஊளையிட்டது. அவர் விடவில்லை. இந்தக் குழந்தை பிறந்த நாள்முதல் முகத்துதி செய்பவர்கள் சூழ வளரும். தான் மற்றவர்களைவிட மேலானவன் என்று கற்பிக்கப்படும். காலம் வந்ததும் உலகம் சுற்ற அனுப்பப்படும். குலத்துக்கு ஒவ்வாத திருமணம் பற்றிய பேச்சுகள் வரும். கடைசியில் செலவுக் கணக்கு நாட்டின் தலையில் விழும் என்ற பொருள்படப் பேசினார். அந்தக் குழந்தைதான் எட்டாம் எட்வர்டாக அரியணை ஏறி, 1936இல் இருமுறை விவாகரத்தான பெண்ணை மணக்க அதைத் துறந்தவர். சோதிடம் பலித்த அதிசயமாக இதை இன்றும் எடுத்துப் பேசுகிறார்கள். எங்களுக்கு அது முக்கியமாகப் படவில்லை. சுரங்கச் சாவுகளைத் துயரம் என்று ஒப்புக்கொண்டு அடுத்த வேலைக்குப் போவது சபையின் பழக்கம். மெக்டொனால்டும் பர்ட்டும் அந்தத் துயரத்தைக் கமிட்டிகளில், அறிக்கைகளில், சட்டத் திருத்தங்களில் பொறுமையாகத் தொடர்ந்தவர்கள், பலனும் கண்டவர்கள். ஹார்டி ஒரு மாலைப் பொழுதில் எந்தப் பலனும் காணாமல், இந்தச் சபைக்கு எந்த உயிர் எவ்வளவு பெறும் என்பதைக் காட்டிவிட்டு உட்கார்ந்தார். இரண்டும் தேவை. ஆனால் முதல் வேலைக்கு ஆட்கள் எப்போதும் கிடைக்கிறார்கள்.

1895இல் வெஸ்ட் ஹாம் அவரைத் தோற்கடித்தது. இடைப்பட்ட ஆண்டுகளில் அவர் எழுதியவற்றில் ஒன்றை மட்டும் சொல்கிறோம். ஓவர்டன் பிரபு கிளாஸ்கோவில் பெரும் தருமவான். ஞாயிறு ஓய்வுநாளைக் காக்கும் இயக்கத்தின் தூண். ரதர்க்ளென் அருகே அவருடைய குரோம் ரசாயன ஆலையில் தொழிலாளர்கள் நாளுக்கு 12 மணி நேரம், ஞாயிறும் சேர்த்து வாரம் ஏழு நாளும் உழைத்தார்கள். மணிக்கு 3, 4 பென்ஸ் கூலி. குரோம் தூள் மூக்கின் நடுச்சுவரை அரித்துத் துளையாக்கியது. 1899இல் ஹார்டி இதைத் துண்டுப் பிரசுரங்களாகப் போட்டு ஊரெங்கும் பரப்பினார். ரொட்டிக் கடை மாடியை அவர் மறக்கவில்லை.

இனி நிதானமாகப் பார்க்க வேண்டியது 1900. பிப்ரவரி 27ஆம் தேதி லண்டன் ஃபாரிங்டன் வீதியின் மெமோரியல் ஹாலில் 129 பிரதிநிதிகள் கூடினார்கள். சோஷலிஸ்டுகளுக்கு வர்க்கப் போர் பிரகடனம் வேண்டும். சங்கத் தலைவர்கள் பலருக்குத் தனிக்கட்சியே வேண்டாம். ஹார்டி நடுவே புகுந்தார். கொள்கை அறிக்கை வேண்டாம், சபையில் தொழிலாளர் பிரதிநிதிகளுக்குத் தனிக் குழு, தனிக் கொறடா, அது போதும் என்று ஒரு தீர்மானத்தை நிறைவேற்றினார். சோஷலிசம் பேசிப் பேசித் தொண்டை கட்டியவர் அந்தச் சொல்லையே ஒதுக்கி வைத்தார். தந்திரம் தெரியாதவர் என்று மேலே சொன்னோம். வாழ்நாளில் ஒருமுறை தெரிந்திருந்தது, அது சரியான முறை. பின்னால் தொழிற்கட்சி ஆன தொழிலாளர் பிரதிநிதித்துவக் கமிட்டி பிறந்தது. ராம்சே மெக்டொனால்டு செயலாளர்.

சங்கங்கள் உடனே ஓடிவந்து சேரவில்லை. அவற்றைத் தள்ளிவிட்டது நீதிமன்றம். வேல்ஸின் டாஃப் வேல் ரயில்வேயில் நடந்த வேலைநிறுத்தத்துக்கு நஷ்டஈடாக ரயில்வே ஊழியர் சங்கம் 23,000 பவுண்டு கட்ட நேர்ந்தது. வழக்குச் செலவு தனி. 1901 தீர்ப்புப்படி வேலைநிறுத்தம் செய்யும் எந்தச் சங்கத்தின் பணப்பெட்டியும் பத்திரமில்லை. சந்தா என்பது சாவுச் செலவுக்கும் நோய்க்கும் என்று தொழிலாளி வாராவாரம் கட்டிய காசு. அதில் கைவைத்தபோதுதான் சட்டம் இயற்றும் இடத்தில் ஆள் வேண்டும் என்று பழமைவாதச் சங்கச் செயலாளர்களுக்கும் உறைத்தது. கமிட்டியின் உறுப்பினர் எண்ணிக்கை இரண்டே ஆண்டுகளில் இரட்டிப்பானது. 1903இல் தலைக்கு ஒரு பென்னி என்று நிதி ஏற்படுத்தி நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு ஆண்டுக்கு 200 பவுண்டு தர ஏற்பாடானது. காமன்ஸ் உறுப்பினருக்கு அரசு சம்பளம், 400 பவுண்டு, 1911இல்தான் வந்தது. அதுவரை சொத்தில்லாதவனின் சுதந்திரத்தை அந்த ஒரு பென்னிதான் தாங்கியது. அந்த 1903இலேயே ராம்சே மெக்டொனால்டு லிபரல் கொறடா ஹெர்பர்ட் கிளாட்ஸ்டனோடு ரகசியமாகத் தொகுதிப் பங்கீடு செய்துகொண்டார், ஹார்டிக்கும் தெரியும். சுயேச்சை என்ற கொடியைப் பிடித்தவர் கண்ணை மூடிக்கொண்ட இடம் அது. விளைவு 1906இல் 29 இடங்கள், டாஃப் வேல் தீர்ப்பை ரத்துசெய்த சட்டம். கண்ணை மூடியது சரிதான் என்று சொல்லத் தோன்றுகிறது.

1900 பொதுத்தேர்தலில் அவர் இரண்டு தொகுதிகளில் நின்றார். தேர்தல் நாட்களில் பெரும்பகுதியைக் கழித்த பிரஸ்டனில் தோற்று, எட்டிப் பார்த்த மெர்தரில் வென்றார். போயர் போர் வெறி உச்சத்தில் இருந்த தேர்தல் அது. ஹார்டி போரை எதிர்த்தவர். மெர்தர் இரட்டை உறுப்பினர் தொகுதி. முதல் உறுப்பினர் டி. ஏ. தாமஸ், பெரிய நிலக்கரி முதலாளி. அதே சுரங்கத் தொழிலாளி தன் இரண்டு ஓட்டில் ஒன்றை முதலாளிக்கும் மற்றதைச் சோஷலிஸ்டுக்கும் போட்டான். வாக்காளரின் மனத்தை வர்க்க வாய்ப்பாட்டில் அடக்க நினைப்பவர்கள் மெர்தரைக் கொஞ்சம் யோசித்துப் பார்க்கலாம்.

1907இல் உடல்நலம் கெட்டு உலகம் சுற்றப் புறப்பட்ட ஹார்டி, அவ்வாண்டு பிற்பகுதியில் இந்தியாவில் இரண்டு மாதம் இருந்தார். வங்கப் பிரிவினையின் கொதிப்பு அடங்காத நேரம். கிழக்கு வங்கத்தில், பரிசால் வரை போய், மக்களிடம் நேரடியாகப் பேசினார். அங்குள்ள ஆட்சி ருஷ்யாவில் நடப்பது போல இருக்கிறது, கனடாவுக்குக் கொடுத்ததை இந்தியாவுக்கும் கொடுக்க வேண்டும் என்று அவர் சொன்னதாகத் தந்திகள் பறந்தன. லண்டன் பத்திரிகைகள் ராஜத் துரோகி என்று குதித்தன. திரும்பிப் போய் 1909இல் ஒரு நூலும் எழுதினார். அவர் இந்தியாவை விட்டுச் சென்ற சில மாதங்களில், 1908 பிப்ரவரியில், தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள், மார்ச்சில் வ.உ.சி. கைதானார். ஆலைக் கூலிக்கும் சுதேசியத்துக்கும் முடிச்சு விழுந்துகொண்டிருந்த காலத்தில்தான் ஹார்டி இங்கே நடமாடினார்.

அந்தப் பயணத்தின் கடைசி நாடு தென்னாப்பிரிக்கா. கறுப்பினத் தொழிலாளர்களையும் சங்கத்தில் சேர்க்க வேண்டும், ஒரே வேலைக்கு ஒரே கூலி வேண்டும் என்று அங்கே பேசினார். வெள்ளைத் தொழிலாளர் கும்பல்கள் கூட்டங்களைக் கலைத்தன, கல்லெறிந்தன. கிளெங்கார்நாக்கில் வேலி கட்டியவர் ஜோஹன்னஸ்பர்கில் வேலியைப் பிரிக்கச் சொல்லி அடி வாங்கினார். மாற்றத்துக்கு அவர் விளக்கம் எழுதியதாகத் தெரியவில்லை. பழையதற்கு மன்னிப்புக் கேட்டதாகவும் தெரியவில்லை.

லண்டனில் ஃபெட்டர் லேன் அருகே நெவில்ஸ் கோர்ட் என்ற பழைய முடுக்கில், வாரம் 6 ஷில்லிங் 6 பென்ஸ் வாடகைக்கு ஒரு சிறு வீட்டில் இருந்தார். தாமே தேநீர் போட்டுக்கொள்வார், தாமே துடைப்பார். 1908இல், ருஷ்ய ஜாரைச் சந்திக்க மன்னர் போனதைக் கண்டித்ததற்காக, அரண்மனைத் தோட்ட விருந்துப் பட்டியலிலிருந்து அவர் பெயர் நீக்கப்பட்டது. மனைவி லில்லியும் பிள்ளைகளும் கம்னாக்கில். இந்த எளிமையைப் புகழ்ந்து எழுதியவர்கள், அந்த எளிமைக்குள் வாழக் கேட்கப்படாமலே விதிக்கப்பட்ட அந்தப் பெண்ணைப் பற்றி அதிகம் எழுதவில்லை. கணவர் உலகத்துக்குச் சொந்தம். ரொட்டி, விறகு, கடன், காய்ச்சல் எல்லாம் லில்லிக்கு. பெண்கள் வாக்குரிமைக்காகத் தம் கட்சியையே பகைத்துக்கொண்டவரின் வீட்டுக் கணக்கு இது.

1914 ஆகஸ்ட் 6. போர் தொடங்கி இரண்டு நாள். தம் தொகுதிக்கு உட்பட்ட அபர்டேரில் போருக்கு எதிராகப் பேசப் போனார். கூட்டம் தேசிய கீதத்தைப் பாடியும் கூச்சலிட்டும் அவரை ஒரு வாக்கியம் முடிக்க விடவில்லை. கத்தியவர்கள் கனவான்கள் அல்ல, அவருக்கு ஓட்டுப் போட்ட சுரங்கத் தொழிலாளர்கள். முன்னால் நின்றவர் சார்லஸ் ஸ்டான்டன், வேலைநிறுத்தங்களில் அனல் கக்கிய சுரங்கச் சங்க முகவர். ஹார்டி அதிலிருந்து மீளவில்லை. பக்கவாதம் வந்தது, 1915 செப்டம்பர் 26இல் கிளாஸ்கோவில் நிமோனியாவில் இறந்தார். வயது 59. இடைத்தேர்தலில் தொழிற்கட்சியின் அதிகாரபூர்வ வேட்பாளரான தென் வேல்ஸ் சுரங்கக் கூட்டமைப்பின் தலைவரைத் தோற்கடித்து, போர் முழக்கத்தோடு ஸ்டான்டன் அந்த இடத்தைப் பிடித்தார். இருவரும் சங்கத்துக்காரர்கள்.

சாவோடு கதையை முடித்தால் ஹார்டி தியாகியாக மட்டும் நின்றுவிடுவார். அவர் உண்டாக்கிய ஏற்பாடு என்ன ஆனது என்று பார்க்க மெர்தரை விட்டு எங்கும் போக வேண்டியதில்லை. 1934 முதல் அங்கே உறுப்பினர் எஸ். ஓ. டேவிஸ், பன்னிரண்டு வயதில் சுரங்கத்துக்குப் போனவர், டௌலாய்ஸ் சுரங்கச் சங்க முகவர், கட்சிக் கொறடாவோடு ஓயாமல் மோதியவர். 1945இல் தொழிற்கட்சிக்கு 393 இடங்கள். 1947 ஜனவரியில் சுரங்கங்கள் நாட்டுடைமையாயின. ஹார்டி கேட்டது நடந்துவிட்டது.

1966 அக்டோபர் 21 காலை 9.15. மெர்தர் தொகுதியின் அபர்வான் கிராமத்துக்கு மேலே, நீரூற்றுகளின் மேல் கொட்டி வைத்த சுரங்கக் கழிவு மேடு சரிந்து பான்ட்க்ளாஸ் தொடக்கப் பள்ளியை மூடியது. 116 குழந்தைகள், 28 பெரியவர்கள். பள்ளிக்குப் பின்னால் கொட்டும் கழிவு ஆபத்து என்று உள்ளூராட்சி 1963லேயே நிலக்கரி வாரியத்துக்கு எழுதியிருந்தது. வாரியத் தலைவர் ராபன்ஸ் பிரபு. கடை ஊழியர் சங்க அதிகாரியாக இருந்து 1945இல் தொழிற்கட்சி உறுப்பினரானவர். அவருடைய டெய்ம்லர் காரின் எண், வாரியத்தின் ஆங்கில முதலெழுத்துகளோடு, என்.சி.பி. 1. சர்ரே பல்கலைக்கழக வேந்தராகப் பொறுப்பேற்கும் விழாவை முடித்துக்கொண்டு மறுநாள் மாலைதான் அபர்வானுக்கு வந்தார். மேட்டுக்கு அடியில் ஊற்று இருந்தது யாருக்கும் தெரியாது என்றார். ஊரில் எல்லோருக்கும் தெரியும். விசாரணை மன்றம் வாரியத்தின் மேல் பழியை வைத்தது. ராபன்ஸ் ராஜினாமா கடிதம் கொடுத்தார். ஏற்க மறுத்த அமைச்சர் ரிச்சர்ட் மார்ஷும் பழைய சங்க ஊழியர்தான். 1894இல் சபையில் சுரங்கக்காரனுக்காக எழ ஒரே ஒருவர் இருந்தார். 1966இல் உரிமையாளர், அமைச்சர், ஆளும் கட்சி, தொகுதி உறுப்பினர் எல்லாரும் நம்மவர்கள். வழக்குப் போட எதிராளியே இல்லாமல் போனதுபோல ஒரு நிலை.

டேவிஸ் விசாரணை மன்றத்தில் சாட்சி சொன்னார். மேடு சரியும், சரிந்தால் கிராமத்தைத் தொடும் என்ற அச்சம் தமக்கு நெடுநாளாக இருந்தது என்றார். பின் ஏன் குரல் கொடுக்கவில்லை? கொடுத்தால் சுரங்கத்தையே மூடிவிடுவார்கள் என்ற சந்தேகம். ராபன்ஸ் காலத்தில் ஏறத்தாழ 400 சுரங்கங்கள் மூடப்பட்டன என்பதை வைத்துப் பார்த்தால் சந்தேகம் வீண் அல்ல. மன்றம் அந்தச் சாட்சியத்தை அப்படியே ஏற்கத் தயங்கியது. நாங்கள் அதை நம்புகிறோம். வேலையைக் காப்பதா உயிரைக் காப்பதா என்ற கேள்வியில் சங்கத்துக்காரரின் நாக்கு எங்கே கட்டுண்டுபோகும் என்பதை ஹார்டியின் வாழ்க்கை நமக்குச் சொல்வதில்லை. அவர் சங்க அலுவலைச் சீக்கிரமே தாண்டிப் போய்விட்டவர். டேவிஸ் தாண்டவில்லை.

எஞ்சிய கழிவு மேடுகளை அகற்ற வாரியமும் அரசும் முழுப் பணம் தர மறுத்து, பிள்ளைகளை இழந்தவர்களுக்காக மக்கள் அனுப்பிய நிவாரண நிதியிலிருந்து 150,000 பவுண்டு பிடுங்கியபோது டேவிஸ் தம் கட்சி அரசையே எதிர்த்தார். அந்தப் பணத்தைத் திருப்பித் தர 1997 ஆனது. 1970 தேர்தலில் வயதாகிவிட்டது என்று கட்சி அவரை ஒதுக்கி வேறு வேட்பாளரை நிறுத்தியது. எண்பதைத் தாண்டிய கிழவர் சுயேச்சையாக நின்றார். அவருக்கு 16,701 ஓட்டு, கட்சி வேட்பாளருக்கு 9,234. 1972 பிப்ரவரியில் அவர் இறந்ததும் தொகுதி கட்சிக்கே திரும்பியது.